ஈதர்நெட் சிப் போச்சு என்று சொல்வதற்கு முன்

ஹட்டனில் எங்களுடையது ஒரு சின்ன ஆட்டோ எலெக்ட்ரிக் கடை. கொஞ்ச காலமாக ஒரே கதையோடு வண்டிகள் வருகின்றன. "ஈதர்நெட் சிப் போயிருச்சாம் அண்ணே, முழு பெட்டியையும் மாத்தணுமாம்." ஈதர்நெட் என்பது வண்டிக்குள் இருக்கும் பெட்டிகள் வேகமாகத் தகவல் பரிமாறும் இணைப்பு, அதை ஓட்டுவது இந்தச் சிப். பெட்டி என்றால் கெமரா கண்ட்ரோல் யூனிட்டோ, மற்றப் பெட்டிகளையெல்லாம் ஒன்றோடொன்று இணைக்கும் கேட்வேயோ ஏதோ ஒன்று. விலையைக் கேட்டால் தலை சுற்றும். திறந்து பார்த்தால் சிப் உண்மையிலேயே செத்திருப்பது அபூர்வம். தண்ணீர் இருக்கும், எலி இருக்கும், இல்லையென்றால் நமக்கு முன் கைவைத்தவர் சுற்றிய கறுப்பு டேப் இருக்கும். அதனால் நான் பார்க்கும் வரிசையை எழுதி வைக்கிறேன். செலவில்லாததில் தொடங்கி செலவு கூடியதற்குப் போகிறது.

## முதலில்: உங்கள் வண்டியில் ஈதர்நெட் இருக்கிறதா?

மலையகத்தில் ஓடும் வாகன் ஆர், விட்ஸ், அக்வா போன்ற ரீகண்டிஷன் வண்டிகளில் பெரும்பாலும் கேன் என்ற பழைய, மெதுவான தகவல் வயரிங்தான். அதற்கு இந்தக் குறிப்பு வேண்டாம். கடந்த பத்துப் பன்னிரண்டு வருட ஐரோப்பிய வண்டிகளில் ஈதர்நெட் இருக்கலாம். 2013இல் வந்த பி.எம்.டபிள்யூ எக்ஸ்5இல் சுற்றுக் கெமராக்களுக்கு இதைப் போட்டார்கள், அங்கிருந்து பரவியது. 2020 மார்ச்சில் நின்றுபோன தனியார் வாகன இறக்குமதி 2025 பெப்ரவரியில் திரும்பத் திறந்த பிறகு வந்த புது மின்சார வண்டிகளிலும் எதிர்பார்க்கலாம்.

அடையாளம் இதுதான்: இரண்டே இரண்டு மெல்லிய கம்பிகள், நெருக்கமாக முறுக்கியவை, ஒரு பெட்டியிலிருந்து இன்னொரு பெட்டிக்கு நேராகப் போகும். நடுவில் கிளை இருக்காது. நடுவில் ஒற்றை ஊசியும் சுற்றிலும் வண்ணப் பிளாஸ்டிக் கூடும் உள்ள கனெக்டர் என்றால் அது கோஆக்ஸ் கேபிள். பல வண்டிகளில் பின் கெமரா இன்னும் இந்தக் கோஆக்ஸில்தான் ஓடுகிறது. அதை ஈதர்நெட் என்று நினைத்துத் தேடினால் ஒரு நாள் போய்விடும், எனக்குப் போயிருக்கிறது.

இன்னொன்று. மின்சார வண்டியில் செம்மஞ்சள் நிறக் கேபிள் கண்ணில் பட்டால் கையை எடுங்கள். அது உயர் அழுத்தம், இந்தக் குறிப்பில் எந்த வேலைக்கும் அதைத் தொடத் தேவையில்லை. மஞ்சள் கனெக்டர் பெரும்பாலும் ஏர்பேக், அதுவும் அப்படியே.

## அறிகுறி 1: ஸ்கேனர் வண்டியோடு பேசவில்லை

### ஸ்கேனரில் ஒரு பெட்டிகூட தெரியவில்லை

12 வோல்ட் பெட்டரியைத்தான் முதலில் பாருங்கள். இரவு முழுக்க நின்ற வண்டியில் சாதாரண ஈய அமில பெட்டரி 12.4க்கு மேல் இருந்தால் மேலே போகலாம். 12க்குக் கீழே என்றால் வேறு எதையும் பார்க்காமல் சார்ஜ் போடுங்கள். சில சீன மின்சார வண்டிகளில் 12 வோல்ட் பெட்டரியே லித்தியம், அது 13ஐ ஒட்டி நிற்கும். இந்தக் கணக்கை அதற்குப் பொருத்தாதீர்கள்.

அடுத்தது கையிலிருக்கும் ஸ்கேனர். சின்ன புளூடூத் டொங்கிளுக்குக் கேன் மட்டும்தான் தெரியும். புது வண்டிகள் பல, ஸ்கேன் வேலையை டூ-ஐபி என்ற முறையில் ஈதர்நெட் வழியாகச் செய்கின்றன. ஸ்கேனர் மாட்டும் ஓ.பி.டி சொக்கெட்டில் வழக்கமாக 3, 11, 12, 13ஆம் பின்கள் அதற்கு, 8ஆம் பின் அதை எழுப்ப. டோர்ச் அடித்துப் பாருங்கள். அந்தப் பின்களில் உலோகம் இருந்தால் வண்டி ஈதர்நெட்டில் பேசக்கூடும், டொங்கிளை எடுத்து வையுங்கள்.

லெப்டொப்பை நேராக மாட்டும் கேபிள் வைத்திருப்பவர்கள் கேபிளின் 8ஆம் பின்னுக்கும் 16ஆம் பின்னுக்கும் நடுவில் மீட்டரை வையுங்கள். பி.எம்.டபிள்யூவுக்கு விற்கும் கேபிளில் அங்கே 510 ஓம் ரெசிஸ்டர் இருக்க வேண்டும். மலிவான கேபிளில் அதைப் போடாமலே விற்கிறார்கள், வண்டி லெப்டொப்போடு பேசவே பேசாது. அப்புறம் லெப்டொப்பில் வைஃபையை அணையுங்கள், ஃபயர்வோலை நிறுத்துங்கள் அல்லது 13400ஆம் போர்ட்டைத் திறந்து விடுங்கள். நெட்வர்க் முகவரி 169.254 என்று தொடங்கினால் பதற வேண்டாம், பல வண்டிகளில் அப்படித்தான் வரும்.

இவ்வளவும் சரி, இன்னும் பேசவில்லை என்றால் கேட்வேயின் பியூஸையும் எர்த்தையும் பாருங்கள். அதுவும் சரியென்றால் வேறு ஒரு ஸ்கேனரோடு இன்னொருவரைக் கூப்பிடுங்கள். கேட்வேயைக் கழற்றாதீர்கள்.

### சில தெரிகின்றன, சில இல்லை

ஸ்கேனர் காட்டும், 'யூ' எழுத்தில் தொடங்கும் பழுதுக் குறியீடுகளை எழுதிக்கொள்ளுங்கள், அழிக்காதீர்கள். ஒரே ஒரு யூனிட் காணாமல் போயிருந்தால் அந்த யூனிட்டின் பியூஸ், எர்த், அதற்குப் போகும் ஜோடி வயர், இந்த வரிசை. நான்கைந்து ஒன்றாகக் காணாமல் போயிருந்தால் அவற்றுக்குப் பொதுவான பெட்டி எது என்று வயரிங் படத்தில் தேடுங்கள். நான்கைந்து சிப்கள் ஒரே இரவில் சாவதில்லை. பெரும்பாலும் அந்தப் பொதுப் பெட்டிக்கு மின்சாரம் போகவில்லை, அவ்வளவுதான்.

## அறிகுறி 2: மழையிலோ பனியிலோ கெமரா போகிறது

நுவரெலியா பக்கத்து ஆட்கள் முதலில் கண்ணாடியைத் துடையுங்கள். உண்மையாகத்தான் சொல்கிறேன். விடியற்காலையில் பனிமூட்டத்துக்குள் போகும்போது 'முன் கெமரா தற்காலிகமாக இயங்கவில்லை' என்று எழுத்து வந்தால் அது பழுதே இல்லை. கெமராவுக்கும் நம்மைப் போலத்தான், பனிக்குள் ஒன்றும் தெரியாது. மூட்டம் தாண்டி வெயிலுக்கு வந்து ஐந்து பத்து நிமிடத்தில் எழுத்து மறைந்தால் விட்டுவிடுங்கள். ரேடார் உள்ள முன் பம்பரில் சேறு ஒட்டினாலும் இதே செய்தி வரும்.

### திரை கறுப்பாகிறது, வெயில் அடித்தால் திரும்ப வருகிறது

வட்டவளைப் பக்கமிருந்து ஒரு தோட்ட பங்களா டிரைவர் வந்தார். "அண்ணே, மழை பேஞ்சா கெமரா போயிருது, ரெண்டு நாள் காஞ்சா வந்துருது. கொழும்புல முழு யூனிட்டையும் மாத்த சொல்றாங்க" என்றார். செத்த சிப் வெயிலுக்கு உயிர் பெறுமா? அவர் சொன்னதிலேயே விடை இருந்தது.

இந்த மாதிரி வண்டியில் நான் முதலில் திறப்பது கெமராவை அல்ல. முன் கண்ணாடிக்குக் கீழே, வைப்பர் பக்கத்தில், தண்ணீர் வடியும் ஓட்டை இருக்கிறதே, அதைத்தான். தேயிலைத் தோட்டத்தில் மரத்தடியில் நிற்கும் வண்டிகளில் அது இலையும் சருகுமாக அடைத்துக் கிடக்கும். கூரைக் கண்ணாடி உள்ள வண்டி என்றால் அதன் நான்கு மூலை வடிகால்களும் அப்படித்தான். அடைத்த தண்ணீர் உள்ளே இறங்கி, முன் சீட்டின் கால் வைக்கும் இடத்தில் கார்ப்பெட்டுக்கு அடியில் தேங்கும். மேலே கார்ப்பெட் காய்ந்திருக்கும், அடியில் உள்ள நுரை பிழிந்தால் சொட்டும். நிறைய வண்டிகளில் வயரிங் கனெக்டர்கள் அந்த இடத்தில்தான் கிடக்கின்றன. பங்களா வண்டியில் கனெக்டரை இழுத்ததும் பச்சை பூத்திருந்தது.

செய்ய வேண்டியது:

பெட்டரியின் நெகட்டிவைக் கழற்றுங்கள். கனெக்டரைப் பிரித்து எலக்ட்ரிக் கொன்டாக்ட் கிளீனர் அடியுங்கள், வழக்கமான துரு ஸ்ப்ரே வேண்டாம், அதன் எண்ணெய்ப் படலம் தங்கிவிடும். ஹீட் கன்னும் வேண்டாம், பிளாஸ்டிக் வளையும். ஒரு இரவு திறந்து வைத்துக் காய விடுங்கள்.

பச்சை ஊசியின் நுனியில் மட்டும் இருந்தால் இது போதும். கம்பியின் உள்ளே ஏறியிருந்தால் போதாது. ஊசிக்குப் பின்னால் இன்சுலேஷனை ஒரு சென்டிமீட்டர் சீவிப் பாருங்கள், செம்பு பளிச்சென்று இருக்க வேண்டும். கறுத்திருந்தால் தண்ணீர் கம்பிக்குள்ளேயே ஊர்ந்து போயிருக்கிறது, அந்த ஜோடியை மாற்ற வேண்டும். மீட்டரில் பீப் சத்தம் வருகிறதே என்று திருப்திப்படாதீர்கள். பீப் சத்தத்துக்கு ஒரு இழை செம்பு போதும். வினாடிக்கு 100 மெகாபிட் ஓடுவதற்குப் போதாது.

வடிகாலைச் சுத்தம் செய்யாமல் வண்டியைக் கொடுத்தால் அடுத்த மழைக்குத் திரும்பி வரும்.

### மழையோடு சம்பந்தமில்லை, ஒரு பக்கக் கெமரா மட்டும் இல்லை

கதவுக்கும் உடலுக்கும் நடுவில் உள்ள ரப்பர் குழாய். அங்கேதான் கம்பி மடிந்து மடிந்து ஒடியும். சைட் மிரர் எப்போதாவது அடிபட்டதா என்று கேளுங்கள். றம்பொடை வளைவுகளில் பஸ்ஸுக்கு வழிவிட்டு மிரரை உரசாத வண்டி குறைவு. கெமராவை வலது இடது மாற்றிப் போட்டுப் பார்க்க முடிந்தால் அது சுலபமான சோதனை: பழுது கெமராவோடு போனால் கெமரா, அதே பக்கத்தில் நின்றால் வயர். மாற்றிய பிறகு படம் கோணலாகத் தெரியும், அதற்குப் பயப்பட வேண்டாம், திரும்ப இடம் மாற்றுங்கள்.

முன் கண்ணாடிக்குப் பின்னால் உள்ள கெமரா என்றால் மாற்றிப் பார்க்கும் வேலை வேண்டாம். அது பிரேக்கோடும் ஸ்டீயரிங்கோடும் தொடர்புள்ளது. கழற்றி மாட்டினால் அளவு சரிசெய்ய வேண்டும், அதற்குத் தனிப் பலகையும் சமதளமும் வேண்டும். மலைச் சரிவில் கொட்டகை வைத்திருக்கும் எங்களைப் போன்றவர்களுக்கு அது ஆகாது. வண்டிக் கம்பனியின் ஏஜென்டிடம் அனுப்புங்கள்.

## அறிகுறி 3: தோட்டத்து ரோட்டில் குலுங்கினால் போகிறது

இதுதான் நேரம் தின்னும் பழுது. கராஜுக்கு வந்து நின்றால் எல்லாம் நன்றாக இருக்கும்.

நல்ல ஸ்கேனர் இருந்தால் அந்த யூனிட்டின் தகவல்களில் சிக்னல் தரம் என்று ஒரு எண் இருக்கிறதா பாருங்கள். 0 முதல் 7 வரை, 7 நல்லது. எல்லா வண்டியிலும் காட்டாது, காட்டினால் பாதி வேலை முடிந்தது. ஒருவர் திரையைப் பார்க்க, இன்னொருவர் வயரைக் கனெக்டர் கனெக்டராக அசைக்க, எங்கே அசைக்கும்போது எண் விழுகிறதோ அங்கே. சில சிப்களே கேபிளைச் சோதித்து, இத்தனை மீட்டரில் அறுந்திருக்கிறது என்று சொல்லும். அந்த வசதியை ஸ்கேனர் கொடுத்தால் கார்ப்பெட்டைக் கிழிக்கும் முன் அதைப் போடுங்கள்.

அந்த எண் இல்லையென்றால் கையால்தான். திரையில் கெமராவை வைத்துக்கொண்டு அசைத்துப் பாருங்கள்.

### கனெக்டர் ஆடுகிறது

பூட்டு முழுக்க விழவில்லை. அழுத்தினால் கிளிக் கேட்க வேண்டும். இலவச வேலை, இதையே பலர் விட்டுவிடுகிறார்கள்.

### வயரில் பல் தடம்

எலி. ஏலத் தோட்டம், மரக்கறித் தோட்டம் பக்கத்தில் நிற்கும் வண்டிகளில் சர்வ சாதாரணம். ஒரு கம்பியை மட்டும் கடித்திருந்தாலும் ஜோடியையே மாற்றுங்கள்.

### டேப் சுற்றிய மூட்டு

இங்கே கொஞ்சம் நின்று பேச வேண்டும், ஏனென்றால் கேன் வயரிங்கில் கற்ற பழக்கமே இங்கே நம்மைக் கவிழ்க்கிறது. கேன் வயரின் முறுக்கைப் பிரித்து, ஈயம் வைத்து, டேப் சுற்றினால் பல தடவை ஓடிவிடும். நானும் அப்படி நிறைய வண்டி அனுப்பியிருக்கிறேன். ஈதர்நெட் ஜோடியில் அப்படிச் செய்தால் அன்று ஓடும், அடுத்த வாரம் குலுக்கலில் போகும். அந்த முறுக்கு அழகுக்கு இல்லை. இரண்டு கம்பியும் ஒரே இடைவெளியில், ஒரே நீளத்தில் போனால்தான் அந்த வேகம் தாங்கும். மூட்டுப் போட நாலு விரல் நீளம் பிரித்துவிட்டாலே அந்த இடம் பலவீனம்.

அதனால் நடுவில் மூட்டு வேண்டாம். கனெக்டரிலிருந்து கனெக்டர் வரை புது ஜோடி போடுங்கள், 100 ஓம் என்று குறித்த வாகன ஈதர்நெட் கேபிள். முறுக்கு கனெக்டரின் வாய் வரை போக வேண்டும். ஸ்பீக்கர் வயரை முறுக்கிப் போட்டு ஓட்டியவரையும் பார்த்திருக்கிறேன், அவர் வண்டியே திரும்பி வந்தது. கொழும்பு பஞ்சிகாவத்தையில் பழைய வண்டியிலிருந்து வெட்டிய ஹார்னஸ், அதாவது வயர்க் கட்டு, கிடைத்தால், இரண்டு பக்கக் கனெக்டரோடு முழுசாக வாங்குங்கள். 100 மெகாபிட், 1 கிகாபிட் இரண்டிலும் வழக்கமான எல்லை 15 மீட்டர். வண்டிக்குள் அது தாராளம். கவசம் போட்ட கேபிள் இருந்த இடத்தில் கவசமில்லாததைப் போடாதீர்கள்.

இதில் கிளை எடுக்கவும் முடியாது. அலாரம், டேஷ் கெமரா, கூடுதல் திரை என்று எதையோ இந்த ஜோடியில் கடித்து மாட்டியிருந்தால் முதலில் அதைக் கழற்றுங்கள். பெரும்பாலும் அதோடு வேலை முடிந்துவிடும்.

### மீட்டர் வைக்கும் முறை

இரண்டு முனையும் கழற்றிய பிறகுதான் அளக்க வேண்டும். ஒவ்வொரு கம்பியும் முனைக்கு முனை ஒரு ஓமுக்குக் கீழே, ஒன்றோடொன்று ஒட்டவில்லை, எர்த்தோடு ஒட்டவில்லை, 12 வோல்ட்டோடு ஒட்டவில்லை. நான்கும் சரி என்றால் வயர் 'அறவில்லை' என்று மட்டும் சொல்லலாம், 'நல்லது' என்று சொல்ல முடியாது.

கேனில் 60 ஓம் தேடிய பழக்கத்தில் இங்கேயும் 60 தேடாதீர்கள், கிடைக்காது, கிடைக்கவும் கூடாது. ஓடும் லைனில் வோல்ட் மீட்டர் வைத்து ஒன்றும் காட்டவில்லை என்று சிப்பைக் குற்றம் சொல்வதும் தப்பு, அந்த மீட்டருக்கு இந்த வேகம் தெரியாது. டெஸ்ட் லேம்ப்பையும் ஊசி குத்தும் புரோபையும் இந்த வயர் பக்கமே கொண்டு போகாதீர்கள்.

## அறிகுறி 4: காலையில் பெட்டரி செத்துக் கிடக்கிறது

நுவரெலியாவில் தை மாதக் குளிரில் பழைய பெட்டரி தானாகவே விழும். அதனால் பெட்டரியைச் சோதித்து, நல்லது என்று தெரிந்த பிறகே இதற்கு வாருங்கள்.

நெட்வர்க்கில் ஒரு யூனிட் தூங்காவிட்டால் மற்றவற்றையும் தூங்க விடாது. வண்டியைப் பூட்டுங்கள், சாவியைத் தூரத்தில் வையுங்கள், பொனட் திறந்திருந்தால் அதன் பூட்டை ஸ்க்ரூ டிரைவரால் மூடிய நிலைக்குத் தள்ளுங்கள். நெகட்டிவ் கேபிளில் டிசி கிளாம்ப் மீட்டர். அரை மணி நேரம் ஒரு டீ குடித்துவிட்டு வாருங்கள், அதற்குள் கதவைத் திறந்தால் கணக்கு முதலிலிருந்து. பிறகு 50 மில்லி அம்பியருக்குக் கீழே இறங்கியிருந்தால் நல்லது. அரை அம்பியர், ஒரு அம்பியர் என்று நின்றால் ஏதோ விழித்திருக்கிறது.

வண்டி வாங்கிய பிறகு வெளியில் மாட்டிய பொருட்களைத்தான் முதலில் சந்தேகியுங்கள்: ட்ராக்கர், டேஷ் கெமரா, ஓ.பி.டி சொக்கெட்டில் மாட்டி மறந்துபோன டொங்கிள். எழுப்பும் 8ஆம் பின்னில் ஏதாவது நிரந்தரமாகத் தொட்டுக்கொண்டிருந்தால் கேட்வே தூங்காது. அதெல்லாம் இல்லையென்றால் பியூஸ்களின் குறுக்கே மில்லிவோல்ட் அளந்து எந்தச் சுற்று என்று கண்டுபிடியுங்கள். பியூஸைப் பிடுங்கித் தேடினால் தூங்கிய யூனிட்டுகள் எழும்பிவிடும், குழப்பம்தான் மிஞ்சும். சுற்று தெரிந்தும் எந்த யூனிட் என்று தெரியவில்லையானால் ஏஜென்ட். பல தடவை அது மென்பொருள் அப்டேட்டோடு தீர்கிறது, அதை நம்மால் போட முடியாது.

## அறிகுறி 5: யூனிட் மாற்றினோம், இணைப்பு வரவில்லை

பழைய வண்டியிலிருந்து எடுத்த யூனிட்தானே? பார்ட் நம்பரின் கடைசி எழுத்து வரை ஒன்றா என்று பாருங்கள். இந்த ஜோடி வயரில் ஒரு முனை மாஸ்டர், மறுமுனை ஸ்லேவ். இரண்டும் மாஸ்டராக இருந்தால் இரண்டும் பேசும், யாரும் கேட்க மாட்டார்கள், வீட்டில் நடப்பது மாதிரி. வெளியிலிருந்து பார்த்தால் சிப் செத்தது போலவே இருக்கும்.

பின்களை இடம் மாற்றிக் குத்தியிருந்தால் சில சிப்கள் தாமே சரிசெய்துகொள்ளும், சில செய்யாது. அதனால் படத்தைப் பார்த்து நேராக்குங்கள். மிச்சமெல்லாம் கோடிங், வண்டி எண்ணோடு பூட்டு. அதற்கு ஏஜென்டின் மெஷின் வேண்டும். வாங்கும் முன்பே கேட்டிருக்க வேண்டிய கேள்வி, ஆனால் யாரும் கேட்பதில்லை.

## அறிகுறி 6: வெல்டிங்குக்கோ ஜம்ப் ஸ்டார்ட்டுக்கோ பிறகு போச்சு

சரி, இங்கே சிப்பைச் சந்தேகிக்கலாம். டின்கரிங் கடையில் பெட்டரியைக் கழற்றாமல் வெல்டிங் வைத்தார்களா, ஜம்ப் கேபிளை மாற்றிக் கொடுத்தார்களா என்று கோபப்படாமல் கேளுங்கள். கோபப்பட்டால் உண்மை வராது.

முதலில் பியூஸ். பிறகு யூனிட்டுக்கு 12 வோல்ட்டும் எர்த்தும், பல்ப் ஒன்றை லோடாக மாட்டி அளந்து. இரண்டும் இருந்து, வயரும் சரியாக இருந்து, இணைப்பு மட்டும் இல்லை என்றால் பெட்டியைத் திறக்கலாம்.

கனெக்டருக்குப் பக்கத்தில் உள்ள சின்னப் பாதுகாப்பு டையோடைப் பாருங்கள். அடியை முதலில் வாங்கச் செய்ததே அதுதான், ஷோர்ட் ஆகியிருந்தால் அதை மாற்றினாலே போதுமாக இருக்கலாம். அடுத்து சோக், இரண்டு கப்பாசிட்டர், சிப்புக்கு வரும் 3.3 வோல்ட், பக்கத்தில் உள்ள 25 மெகாஹெர்ட்ஸ் கிரிஸ்டல். கடைசியில் சிப். பூதக்கண்ணாடியில் எண் தெரியும். டி.ஜே.ஏ1101, டி.பி83டி.சி811, 88கியூ2112 போன்றவை அடிக்கடி கண்ணில் படுபவை. முதல் இரண்டும் 100 மெகாபிட், கடைசியது 1 கிகாபிட், ஒன்றுக்குப் பதில் ஒன்று ஆகாது. பக்கத்தில் உள்ள ரெசிஸ்டர்களைத் தொடாதீர்கள், மாஸ்டரா ஸ்லேவா என்பதை அவை முடிவு செய்யலாம்.

இந்தச் சிப்களின் கால்கள் அடியில் மறைந்திருக்கும். ஈயக் கோலால் ஆகாது, சூடான காற்றும் மைக்ரோஸ்கோப்பும் பழகிய கையும் வேண்டும். என்னிடம் முதல் இரண்டும் இருக்கின்றன, மூன்றாவது இல்லை. அதனால் கொழும்பில் போர்டு வேலை செய்பவருக்குப் பார்சலில் அனுப்புகிறேன், என்னென்ன அளந்தேன் என்று ஒரு தாளில் எழுதி. பிரேக், ஸ்டீயரிங், ஏர்பேக் யூனிட் என்றால் அதையும் செய்வதில்லை, புதிதுதான்.

போர்டு திரும்பி வர ஒரு வாரம் ஆகலாம். கழற்றிய கனெக்டரில் பொலித்தீன் கட்டி வையுங்கள், வயரை உயரத்தில் தூக்கிக் கட்டுங்கள். எலி நம் கொட்டகையிலும் இருக்கிறது.